நாகம்மாள் கேட்ட பாகம்

ஆர். சண்முகசுந்தரத்தின் 'நாகம்மாள்' 1942-ல் வெளிவந்தது. கணவனை இழந்த நாகம்மாள் கொழுந்தனிடம் பாகம் கேட்கிறாள். கதை கொலையில் முடிகிறது. அவளை அடங்காதவள் என்றும், பிறர் தூண்டுதலுக்கு ஆட்பட்டவள் என்றும் வாசித்துப் பழகிவிட்டோம். அவள் கேட்டது நியாயமா என்று கேட்க மறந்துவிட்டோம்.

கூட்டுக்குடும்பச் சொத்தில் கைம்பெண்ணுக்கு உரிமை தந்த 1937-ஆம் ஆண்டுச் சட்டம், மாகாணங்களில் விவசாய நிலத்துக்குப் பொருந்தாது என்று 1941-ல் கூட்டாட்சி நீதிமன்றம் கூறியது. சென்னை மாகாணம் அதை நிலத்துக்கும் விரித்தது 1947-ல்தான். ஆக, நாவல் வந்த ஆண்டில் நாகம்மாளின் பக்கம் ஊரும் இல்லை, சட்டமும் இல்லை.

இன்று சட்டம் வந்து சேர்ந்துவிட்டது. ஊர்?

உடுமலைப்பேட்டைப் பக்கம் ஒரு தகப்பனுக்கு 9 ஏக்கர் பூர்வீக நிலம், இரண்டு மகன்கள், ஒரு மகள் என்று வைத்துக்கொள்வோம். தாய் முன்பே காலமானவர். 1956-ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டத்தின்படி, உயில் எழுதாமல் தகப்பன் இறந்தால் அவர் பங்கான 3 ஏக்கரில் மட்டுமே மகளுக்கு உரிமை. மகன்களுக்குத் தலா 4 ஏக்கர், மகளுக்கு 1 ஏக்கர். 1989-ல் தமிழ்நாடு மகளையும் சமபங்காளி ஆக்கியது; ஆனால் அவ்வாண்டு மார்ச் 25-க்கு முன் மணமானவர்களை விலக்கியது. ஒரே வயிற்றில் பிறந்த அக்காளுக்கு இல்லாதது தங்கைக்குக் கிடைத்தது. 2005-ஆம் ஆண்டு மத்தியத் திருத்தம் அந்த வேறுபாட்டை நீக்கியது. அன்று தகப்பன் உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-ல் வினிதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

அதே தீர்ப்பு இன்னொன்றையும் சொன்னது. 2004 டிசம்பர் 20-க்கு முன் பதிவான பாகப்பிரிவினைப் பத்திரமோ நீதிமன்றத் தீர்ப்பாணையோ இருந்தால் அது நிற்கும். வாய்மொழிப் பாகத்தை, பொது ஆவணங்களின் வலுவான ஆதாரம் இருந்தாலன்றி எளிதில் ஏற்க முடியாது. கூட்டுப்பட்டாவை மாற்றாமல், பொழி போட்டுப் பிரித்துக்கொண்டு தலைமுறைக் கணக்கில் உழுதுவரும் அண்ணன் தம்பிகள் இங்கே வியர்ப்பது இதனால்தான். அவர்கள் அச்சம் பொய்யன்று. கிணற்று முறையும் வண்டித்தடமும் மேலும் துண்டானால் தோப்பு தாங்காது என்பதும் மெய்யே.

ஆனால் அண்ணனும் தம்பியும் பிரிந்தபோது தாங்கிய கிணறு, தங்கை கேட்கும்போது மட்டும் வற்றிவிடுமா? நிலமாகத்தான் கொடுக்க வேண்டும் என்பதில்லை. சந்தை மதிப்பைப் பணமாகத் தரலாம். வாரிசு ஒருவர் தம் பங்கை விற்க முன்வந்தால், வாங்கும் முன்னுரிமையை 1956-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 22-ஆம் பிரிவு மற்ற வாரிசுகளுக்கே தருகிறது.

நடப்பதோ வேறு. விடுதலைப் பத்திரம் எழுதித் தயாராக இருக்கிறது. தங்கையை அழைத்துக் கையெழுத்து வாங்குகிறார்கள். "சீர் செய்யலையா, நகை போடலையா" என்கிறார்கள். அவளும் போடுகிறாள். நிலத்தைவிடப் பிறந்த வீட்டு வாசல் பெரிது என்று நினைத்துப் போடுகிறாள். மறுத்தால் வழக்கு. முதல்நிலைத் தீர்ப்பாணை, ஆணையர் அளவை, இறுதித் தீர்ப்பாணை என்று அது நீள்வதற்குள் வாதி இறந்து, வாரிசுகள் கட்சியாகச் சேர்க்கப்படுகிறார்கள்.

கொங்கு வேளாளர் திருமணத்தில் இணைச்சீர் என்றொரு சடங்கு உண்டு. மாப்பிள்ளையோடு அவன் உடன்பிறந்தவள் இணையாக இருந்து செய்வது. அதை நாம் பெருமையோடு விளக்குகிறோம். மணவறையில் இணையானவள் பத்திரத்தில் மட்டும் ஏன் இணையாகக் கூடாது?

தகப்பன்மார் உயிரோடு இருக்கும்போதே மகளையும் உட்காரவைத்துப் பாகம் பேசி, அளந்து, பதிவு செய்துவிடுவதே நம் கருத்தில் நேர்வழி. நாகம்மாள் கேட்டது பேராசை அன்று, பாகம். அதை 1942-ன் வாசகர் உணராதிருந்திருக்கலாம். நமக்கு அந்தச் சாக்கு இல்லை.