அழுகையும் ஆடலும்

சாவு வீட்டில் ஆடுவது தகுமோ? 2016 ஜனவரியில் அகமதாபாத்தில் மிருணாளினி சாராபாய் 97 வயதில் மறைந்தபோது, அவருடைய உடலின் முன் மகள் மல்லிகா ஆடியே விடைகொடுத்தார். அக்காட்சியைப் படத்தில் கண்ட நாமும் முதலில் திகைத்தோம், மறைப்பானேன்?

எண்ணிப் பார்த்தபின் திகைப்பு நீங்கிற்று. தாயோ பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பயின்றவர். 1949இல் அந்நகரில் தர்ப்பணா கலைக்கூடத்தை நிறுவியவர். அவர் மகள் வேறு எவ்வாறு அழுவார்? தொல்காப்பியரும் அழுகையை எட்டு மெய்ப்பாடுகளுள் ஒன்றாக வைத்து, அது பிறக்கும் களன்களுள் இழவையும் எண்ணினார். மெய்யிற் படுவதுதானே மெய்ப்பாடு!

நம் சிற்றூர்களில் மகளிர் வட்டமாகச் சூழ்ந்து, ஒப்பாரியின் தாளத்திற்கேற்ப மாரடித்துச் சுற்றிவருவதும் ஆடலன்றி வேறென்ன? அதனை நாகரிகமின்மை என்று ஊரிலேயே விட்டுவந்தோம் நாம். இன்று ஊரிலிருந்து இழவுச் செய்தி வருகிறது. இரயில் போய்ச் சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது. அண்டை வீட்டார்க்குக் கேட்குமோ என்றஞ்சி, அடுக்குமாடி வீட்டில் வாய்பொத்தி அழுகிறோம். நம் பிள்ளைகள் மாரடிப்பைக் கண்டதே இல்லை.

ஒப்பாரி அறிந்த பாட்டிமார் நம் இல்லங்களில் இன்னும் சிலரேனும் இருப்பர். பாட்டோடு அடிவைப்பையும் கைவீச்சையும் அவர்களிடம் கேட்டெழுதி அனுப்புங்கள். இப்பகுதியிலேயே வெளியிடுவோம்.