சம்பளக்காரர் வரைந்த டாலெக்

உலகம் முழுக்கத் தெரிந்த ஒரு உருவத்தை வரைந்தவருக்குக் கிடைத்தது எவ்வளவு தெரியுமா? மாதச் சம்பளம், அதற்கு மேல் சுமார் 100 பவுண்டு. அவ்வளவுதான்!

அவர் பெயர் ரேமண்ட் க்யூசிக். 1928-ல் லண்டனில் பிறந்தவர். பிபிசியில் சம்பளத்துக்கு இருந்த அரங்க வடிவமைப்பாளர். 1963-ல் 'டாக்டர் ஹூ' தொடரின் இரண்டாவது கதைக்கு அரங்கம் அமைக்கும் வேலை முதலில் போனது ரிட்லி ஸ்காட்டிடம். (ஆமாம், பிற்பாடு 'ஏலியன்' எடுத்த அதே ஸ்காட்தான்!) அவருக்குத் தேதி ஒத்துவராததால் க்யூசிக் கைக்கு வந்தது.

கதை எழுதிய டெர்ரி நேஷன், கால் இல்லாமல் வழுக்கிக்கொண்டு நகரும், மனிதச் சாயலே இல்லாத எந்திரப் பிராணிகள் என்று குறித்திருந்தார். எழுதுவது சுலபம். அதைக் குறைந்த செலவில், கொஞ்ச நாளில் செய்து காட்ட வேண்டுமே... உள்ளே ஒரு ஆள் இருந்து நகர்த்தியாக வேண்டும். ஆனால் ஆள் இருப்பது தெரியக் கூடாது. க்யூசிக் நாற்காலியில் உட்கார்ந்த ஒரு மனிதனை வரைந்து, அவனைச் சுற்றிக் கூட்டை வரைந்தார். மிளகுத்தூள் டப்பாவைப் பார்த்துக் காப்பியடித்தார் என்று ஒரு கதை உலவுகிறது. அது தவறு. எப்படி நகரும் என்று காட்டத்தான் டப்பாவை மேஜையில் தள்ளினார்.

1963 டிசம்பரில் டாலெக்குகள் டிவிக்கு வந்தன. பிறகு பொம்மைகள், புத்தகங்கள், 1965-லும் 1966-லும் இரண்டு சினிமா. பொம்மை விற்ற பணத்தில் பங்கு பிபிசிக்கும் நேஷனுக்கும் போனது. நேஷன் ஊழியர் அல்ல. அவருடைய ஏஜென்ட் பெரில் வெர்ட்யூ அந்தப் பங்கை முன்பே ஒப்பந்தத்தில் எழுதி வாங்கியிருந்தார். க்யூசிக் ஊழியர். வேலையில் செய்தது முதலாளிக்குச் சொந்தம். சட்டப்படி எந்தத் தப்பும் இல்லை.

"தொடர் தோற்றிருந்தாலும் சம்பளம் வந்திருக்குமே? ரிஸ்க் எடுத்தவருக்குத்தானே லாபம்?" என்று காமர்ஸ் படிப்பவர்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் நேஷனும் தன் பணத்தைப் போடவில்லையே! எழுதியதற்குக் கூலி வாங்கினார், அதற்கு மேல் பங்கும் வாங்கினார். ஆக, இருவருக்கும் உள்ள வித்தியாசம் ரிஸ்க்கும் இல்லை, உழைப்பும் இல்லை. ஒரு காகிதம்!

இதற்கு வழி இல்லாமல் இல்லை. பிரிட்டனின் 1977 காப்புரிமைச் சட்டத்தில், ஊழியரின் கண்டுபிடிப்பு நிறுவனத்துக்கு அசாதாரண லாபம் தந்தால் அவருக்கும் ஒரு பங்கு உண்டு. யூனிலீவரில் வேலை பார்த்த இயான் ஷாங்ஸ், 1982-ல் செய்த சர்க்கரை அளவு பார்க்கும் கருவிக்காக வழக்காடி, 2019-ல் 20 லட்சம் பவுண்டு பெற்றார். எந்திரத்தைக் கண்டுபிடித்தவருக்குப் பொருந்தும் நியாயம், உருவத்தைக் கண்டுபிடித்தவருக்கு மட்டும் ஏன் பொருந்தாது? எல்லா அரங்கத்துக்கும் ராயல்டி கேட்கவில்லை. எதிர்பாராமல் கொட்டும் லாபத்தில் கொஞ்சம், அவ்வளவே.

க்யூசிக் அதற்குப் பிறகும் பிபிசியில் பல வருடம் வேலை செய்தார். 1974-ல் வந்த 'தி பாலிஸர்ஸ்' சரித்திரத் தொடரிலும் அவர் கைவண்ணம் உண்டு. 2013-ல் காலமானார். 2005-ல் டாலெக்குகள் மறுபடி டிவிக்கு வந்தபோதும் அடிப்படை உருவம் அவர் வரைந்ததுதான்.

நாளைக்கு ஆஃபர் லெட்டரில் கையெழுத்துப் போடப் போகிறவர்களே, கடைசிப் பக்கத்தையும் படித்துவிட்டுப் போடுங்கள்!