பத்து ஷில்லிங்

லில்லி பாரைப் பற்றி எழுதுகிறவர்கள் அவருடைய இடதுகாலை வியப்பார்கள்; வுட்பைன் சிகரெட் கதையைத் தவறாமல் சொல்வார்கள். எனக்கு அவர் வாங்கிய பணம்தான் முக்கியம். பிரஸ்டன் நகரத் தொழிற்சாலைப் பெண்களின் டிக் கெர் அணியில் ஆட்டத்துக்கு 10 ஷில்லிங், அதுவும் ‘செலவுப்பணம்’ என்ற பெயரில்.

1920 டிசம்பர் 26 அன்று லிவர்பூலின் குடிசன் பார்க்கில் அந்த அணியின் ஆட்டத்தைப் பார்க்க 53,000 பேர் வந்தார்கள். வசூல் அறப்பணிக்குப் போனது. ஓராண்டு முடிவதற்குள் இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கம் தன் கழகங்களின் மைதானங்களைப் பெண்களுக்கு மூடிவிட்டது. இந்த ஆட்டம் பெண்களுக்கு ஏற்றதல்ல என்றது. வசூலில் செலவுக்கென எடுப்பது மிகுதி என்றும் சொன்னது. உடம்பு பற்றிய வாதத்தையே நாம் திரும்பத் திரும்ப மறுக்கிறோம். கணக்குப் புத்தகத்தைத் திறப்பதில்லை. ஆண்கள் கூலி வாங்கி ஆடலாமென்று 1885லேயே ஒப்புக்கொண்ட சங்கம்தானே இது? ஆலைப் பெண்ணின் 10 ஷில்லிங் மட்டும் எப்படிக் குற்றமாயிற்று?

பார் மனநல மருத்துவமனையில் செவிலியர் வேலை பார்த்தார். கிடைத்த மைதானங்களில் 1951 வரை ஆடினார். 2002இல் தேசியக் கால்பந்து அருங்காட்சியகம் தன் புகழ்க்கூடத்தில் முதல் பெண்ணாக அவரைச் சேர்த்தது. அவர் இறந்து அப்போது 24 ஆண்டுகள்.