லீவுல எதுக்கு மூணு தடவை?

காலாண்டுத் தேர்வு முடிஞ்சு லீவு விட்டாச்சு. பக்கத்து வீட்டுல ஏழாவது படிக்கிற பிள்ளை திண்ணையில உட்கார்ந்து எழுதிக்கிட்டே இருக்கு. கேட்டா, "எல்லாக் கேள்வித்தாளையும் விடையோட மூணு தடவை எழுதணும் பெரியப்பா" என்கிறது. பார்த்து எழுதினதையே திரும்ப எழுதினா கைதான் வலிக்கும்.

2018-ல் சென்னை உயர் நீதிமன்றம் 1, 2-ஆம் வகுப்புக்கு வீட்டுப்பாடமே கூடாது என்றது. பெரிய பிள்ளைகளுக்குக் கொடுக்கட்டும், வேண்டாம்னு சொல்லல. ஆனா வீட்டுல கேட்டு எழுதுற மாதிரி கொடுக்கட்டும்.

எங்க டெல்டாவுல இது சம்பா நடவு நேரம். பழைய ஆளுங்க இன்னமும் நிலத்தை மா, வேலின்னுதான் சொல்வாங்க. 3 மா ஏறக்குறைய ஒரு ஏக்கர், 20 மா ஒரு வேலி. தாத்தா சொல்ற நிலம் எத்தனை ஏக்கர்னு கணக்குப் போடச் சொல்லலாம். நாத்தங்காலுக்கு எவ்வளவு விதை, நடவுக்கு எத்தனை ஆள், கூலி என்னன்னு விசாரிக்கச் சொல்லலாம். டவுன் பிள்ளைன்னா, வீட்டுக்கு மாசம் எத்தனை கிலோ அரிசி ஆகுது, என்ன விலைன்னு எழுதட்டும்.

இதை அடுத்தவன் நோட்டைப் பார்த்து எழுத முடியாது. கையெழுத்துப் போடத் தெரியாத அப்பாயிகிட்டயும் பிள்ளை போய்க் கேட்டுத்தான் ஆகணும். பெற்றோர் கூட்டத்துக்குப் போறவங்க இதை ஒரு வார்த்தை சொல்லிப் பாருங்களேன்.