தலையெழுத்தா, பழக்கமா?



ஒரு பிள்ளைக்குப் படிப்பு வரவில்லையானால் நம்மவர்கள் உடனே சொல்லும் சமாதானம், "அவன் தலையெழுத்து அவ்வளவுதான்" என்பதாகும். வேறு சிலர், "பரம்பரையாகப் படித்த வீட்டுப் பிள்ளைக்குத்தான் படிப்பு ஏறும்" என்பார்கள். இரண்டும் ஒரே புரட்டுத்தான். தலையில் எழுதினவனை எவரும் கண்டதில்லை. ஆனால் படித்த வீட்டில் நடக்கும் காரியத்தை எவரும் போய்ப் பார்க்கலாம். அங்கே தகப்பன் பத்திரிகையை உரக்கப் படிக்கிறான். தாய் குழந்தையை மடியில் வைத்துப் படப் புத்தகம் படித்துக் காட்டுகிறாள். பள்ளிக்கூட வாசலை மிதிக்குமுன்பே அக்குழந்தைக்குப் புத்தகம் பழகிப்போகிறது. கூலிக்காரன் பிள்ளையோ ஐந்து வயதில்தான் முதன்முதலாகப் புத்தகத்தைத் தொடுகிறது. பிறகு இரண்டையும் ஒரே வகுப்பில் உட்கார வைத்து, ஒன்றைப் "புத்திசாலி" என்றும் மற்றதை "மக்கு" என்றும் சொல்வது நியாயமா என்று கேட்கிறோம்.

தமிழ் விஷயத்தில் இது இன்னும் முக்கியமானதாகும். நாம் வீட்டில் பேசுவது ஒரு தமிழ். புத்தகத்தில் அச்சாகியிருப்பது வேறு தமிழ். "வந்தாங்க" என்று கேட்டே வளர்ந்த பிள்ளை, "வந்தார்கள்" என்பதைப் புத்தகத்தில் கண்டதும் திகைக்கிறது. எழுத்து 247 என்று பயமுறுத்துவது போதாதென்று பாஷையும் புதிதாகிவிடுகிறது. புத்தகத் தமிழை முன்பே காதால் கேட்ட பிள்ளைக்கு இந்தத் தொல்லை வெகுவாகக் குறையும். வரியின் கீழ் விரலை ஓட்டிப் படித்துக் காட்டினால், எழுத்து இடமிருந்து வலமாகப் போகிறதென்பதும், வாயில் வரும் சத்தத்திற்கும் தாளிலுள்ள எழுத்திற்கும் சம்பந்தமுண்டென்பதும் சிறுகச் சிறுக விளங்கிவிடும்.

இது நம் கற்பனையல்ல. 1989இல் அமெரிக்காவில் பாஸ்டன் நகர ஆஸ்பத்திரியில் வைத்தியத்திற்கு வந்த குழந்தைகளுக்கு டாக்டர்களே புத்தகம் கொடுத்து, படித்துக் காட்டும்படி பெற்றோருக்குச் சொல்ல ஆரம்பித்தார்கள். 1992இல் இங்கிலாந்தில் பர்மிங்ஹாம் நகரில் 300 கைக்குழந்தைகளுக்கு இவ்விதம் புத்தகம் வழங்கப்பட்டது. 2014இல் அமெரிக்கக் குழந்தை வைத்தியர் சங்கம், கைக்குழந்தைப் பருவம் முதலே உரக்கப் படித்துக் காட்ட வேண்டுமென்று அறிவித்தது. இவர்கள் யாரும் நாள் நட்சத்திரம் பார்க்கவில்லை. நாமோ விஜயதசமிக்குக் காத்திருந்து, அரிசியில் ஒரு எழுத்தை எழுதவைத்துவிட்டு, மறுநாள் முதல் சும்மா இருந்துவிடுகிறோம். ஒரு நாள் சடங்கு ஆயிரம் நாள் பழக்கத்துக்கு ஈடாகுமா?

"எங்களுக்கே படிக்கத் தெரியாதே" என்பீர்கள். 2011ஆம் வருஷத்து ஜனக்கணக்குப்படி, தமிழ்நாட்டில் 7 வயதும் அதற்கு மேலுமான பெண்களில் நான்கில் ஒருவருக்கு மேல் எழுத்தறியாதவர்கள். அது அவர்கள் குற்றமல்ல; படிக்கவிடாத சமூகத்தின் குற்றம். ஆனால் அது பிள்ளைகளையும் தொடர வேண்டியதில்லை. படத்தைக் காட்டிக் கதை சொல்லத் தெரியாத தாய் உண்டா? ஐந்தாம் வகுப்பு அக்காள் தம்பி தங்கைக்குப் படித்துக் காட்டட்டும். தாயும் கூட உட்கார்ந்து கேட்கட்டும்.

"புத்தகத்துக்குக் காசு ஏது?" என்றால், வீட்டு வரியோடு நூலக வரியும் சேர்த்துத்தானே கட்டுகிறோம்! 1948ஆம் வருஷத்துச் சட்டத்தின்கீழ் ஏற்பட்ட பொது நூலகங்கள் நம் காசில் நடப்பவை. அங்கே போய் உரிமையோடு கேளுங்கள். குழந்தைப் புத்தகம் இல்லையானால், ஏன் இல்லை என்று கேளுங்கள்.

ஆண்கள் இதைப் பெண்கள் வேலையென்று ஒதுங்க வேண்டாம். டீக்கடை அரட்டையிலும் செல்போனிலும் போகும் நேரத்தில் தினம் கால் மணி போதும். ஆண் குழந்தைக்கு மட்டும் என்றும் வேண்டாம். பிள்ளை நடுவில் "ஏன்? எப்படி?" என்று கேட்டால் வாயை அடைக்காதீர்கள், நீங்களும் திருப்பிக் கேளுங்கள். கேள்வியும் பதிலுமாகப் படிப்பதில்தான் பலன் அதிகம்.

இவ்வளவு செய்தும் ஒரு பிள்ளைக்கு எழுத்துப் பிடிபடவில்லையானால், கண்ணிலோ காதிலோ மூளையின் அமைப்பிலோ காரணமிருக்கலாம். டாக்டரிடம் காட்டுங்கள், ஜோசியனிடம் அல்ல. தலையெழுத்தென்று மட்டும் ஒரு பிள்ளையையும் கைவிடாதீர்கள்.