லயத்துக்குக் கரி பூசாதீங்க

மலையகத்தைப் பற்றிக் குறும்படம் எடுக்கப் போறோம் என்றால் நம்ம பசங்க முதலில் தேடுவது நல்ல கேமரா. அடுத்தது ட்ரோன். காம்பராவுக்குள்ள என்ன இருக்கணும் என்று யோசிக்க ஒருத்தரும் இல்லை. கடைசியில் சுவரில் கரி, மூலையில் உடைந்த பானை, கிழிந்த சேலை. படம் ரெடி!

யட்டவத்தப் பக்கம் ஒரு லயத்துக்குள் போய்ப் பாருங்க. சாமிப்படம், கலியாணப் படம், லேமினேட் பண்ணிய பிள்ளையின் சான்றிதழ், இஸ்தோப்பில் பள்ளிக்கூடச் சப்பாத்து, கூரையில் டிஷ் என்டெனா. அந்தச் சின்ன இடத்தை ஒரு குடும்பம் எப்படிப் பங்குபோட்டு வாழுது என்பதுதான் கதை. கரி பூசினால் அது மறைஞ்சு போகும்.

அதைக் கவனித்துத் திரைக்குக் கொண்டுவருவதுதான் தயாரிப்பு வடிவமைப்பாளரின் வேலை. நாம என்னவோ ஆர்ட் டைரக்டர் என்றால் அரண்மனை செட் போடுறவர் என்று நினைக்கிறோம். 1987 இல் வந்த 'நாயகன்' படத்துக்காக தோட்டா தரணி மும்பைத் தாராவியைச் சென்னை ஸ்டூடியோவில் கட்டினார். தேசிய விருது கிடைத்தது அரண்மனைக்கு இல்லை, அந்தக் குடிசைகளுக்கு.

"அவருக்குக் காசு இருந்தது, நமக்கு இல்லையே" என்பீங்க. சரி, ட்ரோனை ஒரு நாள் குறைங்க. அந்த நாளில் நோட்டுப் புத்தகத்தோடு ஒரு காம்பராவில் உட்காருங்க. 200 வருஷமா வெளியே இருந்து நம்மைப் பார்த்தவங்க போதாதா?

படம் முடிந்ததும் அந்த லயத்து அக்கா, "எங்க வீடு இப்படியா தம்பி இருக்கு?" என்று கேட்டால் என்ன சொல்வீங்க?