நூற்றுக்கு எழுபத்தொரு பைசா!

திருவண்ணாமலையில் யாரையாவது நிறுத்தி, "கிரிவலப் பாதை எவ்வளவு தூரம்?" என்று கேளுங்கள். பூக்கடைக்காரரிலிருந்து ஆட்டோ டிரைவர் வரை யோசிக்காமல் "14 கிலோமீட்டர்" என்பார்கள். அதே ஊரில் வீட்டுக் கடன் வாங்கிய ஆபீஸ் நண்பர் ஒருவரிடம், "ஸார், உங்க லோன் மொத்தம் எவ்வளவு ஆகுது?" என்று கேட்டுப் பாருங்கள்.

"மாசம் இருபத்தாறாயிரம்" என்பார்.

கவனித்தீர்களா? கேட்டது மொத்தம், சொன்னது மாசம். கிரிவலம் எவ்வளவு தூரம் என்றால் "ஒரு தப்படிக்கு ரெண்டரை அடி" என்று பதில் சொல்கிற மாதிரி!

நண்பர் மேல் தப்பில்லை. பாங்க் மேனேஜர் மாசக் கணக்கில்தான் பேசுகிறார். ப்ளாட் புரோக்கர் மாசக் கணக்கில்தான் பேசுகிறார். வீட்டில் அம்மா, "வாடகை கட்டற காசுக்குக் கொஞ்சம் மேல போட்டா சொந்த வீடுடா" என்பதும் மாசக் கணக்குதான். பெண் கொடுக்கப் போகிற மாமனார் மட்டும்தான் 'சொந்த வீடா?' என்று ஒரே வார்த்தையில் கேட்கிறார். அவர் கணக்கே கேட்பதில்லை.

ஒரு தலைமுறைக்கு முன்னால் இந்தத் தொல்லை கிடையாது. வீடு என்பது ரிடையர் ஆன பிறகு பி.எஃப்., கிராஜுவிட்டி பணத்தில் கட்டுவது. கிரகப்பிரவேசமும் சஷ்டியப்தபூர்த்தியும் ஒரே பந்தலில் நடக்கும்! 1977-ல் ஹெச்.டி.எஃப்.சி. ஆரம்பித்த பிறகுதான் மாதச் சம்பளக்காரர் முப்பது வயதில் வீட்டுக்காரர் ஆகலாம் என்கிற எண்ணம் மெல்லப் பரவியது. (அந்தக் கம்பெனியே 2023 ஜூலையில் தன் பெயரைத் தாங்கிய பாங்கோடு ஐக்கியமாகிவிட்டது.) நல்ல விஷயம்தான். வாலிபத்திலேயே வீடு. கூடவே வாலிபம் முழுக்கக் கடன்.

இப்போது கணக்குக்கு வருவோம். பயப்படாதீர்கள், எட்டாங்கிளாஸ் கணக்குதான்.

30 லட்சம் கடன். வட்டி 8.5 சதவீதம். 20 வருஷம். தவணை 26,035 ரூபாய். 240 மாசம் கட்டினால் மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம். அதாவது வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். நீங்கள் குடியிருப்பதற்கு ஒரு வீடு, பாங்க்குக்கு அதைவிடக் கொஞ்சம் பெரிசாக ஒரு வீடு!

"அநியாய வட்டி" என்று பாய வேண்டாம். நம் ஊர்க் கணக்கில் 8.5 சதவீதம் என்பது நூற்றுக்கு மாசம் 71 பைசா. வெளியில் கைமாற்று வாங்கினால் நூற்றுக்கு ரெண்டு, மூன்று என்று வாங்குகிறார்களே, அதோடு பார்த்தால் இது தர்ம வட்டி. விஷயம் வட்டி வீதத்தில் இல்லை, வருஷத்தில் இருக்கிறது. 71 பைசாவும் 240 மாசம் நடந்தால் மலையைச் சுற்றி வந்துவிடும்.

முதல் மாசத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 26,035-ல் வட்டிக்குப் போவது 21,250. அசலில் கழிவது 4,785. அஞ்சு வருஷம் ஒரு மாசம்கூடத் தவறாமல் கட்டியிருப்பீர்கள். மொத்தம் 15 லட்சத்து 62 ஆயிரம். சரி, கடனில் பாதி முடிந்திருக்கும் என்று ஸ்டேட்மென்ட்டை வாங்கிப் பார்த்தால் பாக்கி 26 லட்சத்து 44 ஆயிரம்! குறைந்தது மூன்றரை லட்சம் சொச்சம்தான். பாதி அசல் அடைய 166 மாசம் ஆகும். கிரிவலத்தில் சொன்னால், ஆதி அண்ணாமலையெல்லாம் தாண்டி, பத்தாவது கிலோமீட்டரை நெருங்கும்போதுதான் பாதி தூரம் வந்ததாகக் கணக்கு. அதுவரை கால் வலித்ததெல்லாம் பெரும்பாலும் வட்டி.

மேனேஜர் கருணையோடு, "முப்பது வருஷமா போட்டுக்கோங்களேன், தவணை குறையுமே" என்பார். குறையும். 23,067 ஆகும். மாசம் மூவாயிரத்துக்கு முப்பது ரூபாய் குறைவாக மிச்சம். மொத்தக் கணக்கில் 20 லட்சத்துக்கு மேல் கூடுதல். அந்த மூவாயிரத்தை மிச்சம் பிடித்து என்ன செய்தோம் என்று யாருக்காவது ஞாபகம் இருக்குமா?

* * *

இனிமேல் சொல்லப்போவதுதான் நிஜமாகவே வயிற்றைக் கலக்கும் சமாசாரம்.

வேங்கிக்கால் பக்கம் வீடு கட்டிய நண்பர் ஒருவர் 2023-ல் சந்தோஷமாகச் சொன்னார்: "பேப்பர்ல வட்டி ஏறுது ஏறுதுன்னு போடறான். எனக்கு இ.எம்.ஐ. ஒரு ரூபா ஏறலண்ணே. நம்ம பாங்க் நல்ல பாங்க்!"

தவணை ஏறவில்லை என்றால் வேறு எதுவோ ஏறியிருக்கிறது என்று அர்த்தம்.

என்ன நடந்தது என்றால், கொரோனா காலத்தில் ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4 சதவீதத்துக்கு இறக்கியிருந்தது. 2021-ல் 6.7 சதவீதத்துக்கெல்லாம் வீட்டுக் கடன் கிடைத்தது. வாங்காதவன் முட்டாள் என்று பேச்சு. பிறகு 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 சதவீதம் ஆனது. 2019 அக்டோபருக்குப் பிறகு பாங்குகள் கொடுத்த மாறும் வட்டிக் கடனெல்லாம் பெரும்பாலும் இந்த ரெப்போவோடு முடிச்சுப் போட்டது. அது ஏறினால் இதுவும் ஏறும்.

2021-ல் 30 லட்சம், 6.7 சதவீதம், 20 வருஷம் என்று வாங்கியவருக்குத் தவணை 22,722. இரண்டு வருஷம் கட்டிய பிறகு பாக்கி 28 லட்சத்து 47 ஆயிரம். வட்டி ஒரே அடியில் 9.2 ஆனதாக வைத்துக்கொள்ளுங்கள். அந்த மாச வட்டி மட்டும் 21,828. தவணை அதே 22,722. அசலில் கழிவது எவ்வளவு? 894 ரூபாய். ரெண்டு பேர் ஓட்டலுக்குப் போனால் வருகிற பில்!

இந்த வேகத்தில் கடன் எப்போது முடியும்? பாக்கி இருந்தது 18 வருஷம். இப்போது 35 வருஷத்துக்கு மேல். கடன் வாங்கியபோது அவருக்கு முப்பது வயது என்றால், முடிக்கும்போது அறுபத்தேழு. தமிழக அரசு ஊழியர் அறுபதில் ரிடையர் ஆகிறார். மிச்ச ஏழு வருஷம் பென்ஷனிலா, பையன் சம்பளத்திலா? சம்பந்தப்பட்ட பையன் அப்போது எல்.கே.ஜி. படித்துக்கொண்டிருந்தான். அவனை யாரும் கேட்கவில்லை.

பல பாங்குகள் செய்தது இதுதான். தவணையைத் தொட்டால் வாடிக்கையாளர் சத்தம் போடுவார், மாசத்தை நீட்டினால் சத்தமே வராது. பழைய 18 வருஷத்திலேயே முடிக்க வேண்டும் என்றால் தவணை 27,018 ஆகியிருக்க வேண்டும். 4,300 ரூபாய் கூடுதல். கஷ்டம்தான், ஆனால் கண்ணுக்குத் தெரிகிற கஷ்டம். நீட்டுவது கண்ணுக்குத் தெரியாத கஷ்டம்.

இந்தக் கூத்து முற்றியதால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, மாசத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்பதைக் கடன்காரர் தேர்ந்தெடுக்கலாம். எத்தனை தவணை பாக்கி, இதுவரை அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று மூன்று மாசத்துக்கு ஒரு ஸ்டேட்மென்ட் தர வேண்டும். நிலையான வட்டிக்கு மாறவும் வழி விட வேண்டும் என்பது 2025 வரை கட்டாயமாக இருந்தது. உரிமை கையில் இருக்கிறது. ஆனால் அந்தத் தகவல், 'கே.ஒய்.சி. அப்டேட்' மெசேஜ்களுக்கும் 'உங்களுக்கு பர்சனல் லோன் ரெடி' மெசேஜ்களுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு போனில் தூங்குகிறது.

2025-ல் ரெப்போ நான்கு தடவையாக மொத்தம் ஒன்றேகால் சதவீதம் இறங்கியது. உங்கள் கடனுக்கு அது வந்ததா என்று பார்த்தீர்களா? பழைய எம்.சி.எல்.ஆர். வகைக் கடன் என்றால் இறக்கம் ஆமை வேகத்தில் வரும். சின்னக் கட்டணத்தில் ரெப்போ வகைக்கு மாற்றித் தருவார்கள், போய்க் கேட்டால். கேட்காதவருக்குப் பழைய வட்டியே பிரசாதம்.

* * *

"இப்படியெல்லாம் சொன்னா எவன்யா வீடு கட்டுவான்?" என்கிறீர்களா? கட்டுங்கள். கடன் பக்கமும் ஒரு நியாயம் உண்டு. 62 லட்சம் என்பதை அப்படியே இன்றைய ரூபாயாக நினைப்பது தப்பு. இருபதாவது வருஷத்தில் கட்டப்போகும் 26,035 இன்றைக்கு உள்ள 26,035 இல்லை. அதற்குள் சம்பளம் ஏறியிருக்கும், தோசையும் ஏறியிருக்கும். கடன் வாங்காவிட்டாலும் வாடகை உண்டு, அது வருஷா வருஷம் ஏறும். இதையெல்லாம் கழித்துத்தான் லாப நஷ்டம் பார்க்க வேண்டும்.

ஆனால் பாருங்கள், சம்பளம் ஏறுவது நிஜம் என்றால் தவணையும் ஏறலாமே! நம் 8.5 சதவீதக் கடனில் வருஷத்துக்கு வெறும் 5 சதவீதம் தவணையை ஏற்றிக்கொண்டு போனால், 20 வருஷக் கடன் சுமார் 12 வருஷத்தில் தீர்ந்துவிடுகிறது. 11 லட்சத்துக்கு மேல் மிச்சம். அது முடியாது, இன்க்ரிமென்ட்டெல்லாம் வருவதற்கு முன்பே வீட்டில் பட்ஜெட் போட்டாகிவிட்டது என்றால், வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். தீபாவளி போனஸோ, பொங்கல் போனஸோ. சுமார் 16 வருஷம் 8 மாசத்தில் முடிந்துவிடும். ஆறு லட்சத்துக்கு மேல் லாபம்.

அதுவும் சீக்கிரம் செய்தால்தான் ருசி. முதல் வருஷ முடிவில் ஒரு லட்சம் கட்டினால் கடைசியில் சுமார் 18 தவணை காணாமல் போகிறது. அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது வருஷ முடிவில் கட்டினால் போவது 6 தவணைகூட இல்லை. ஆனால் மனுஷ சுபாவம் எப்படி? முதல் வருஷம் கிரில் கேட், மாடுலர் கிச்சன், மொட்டை மாடிக்கு ஷெட். பதினைந்தாவது வருஷம்தான் 'கடனை அடைச்சிடலாம்' என்று ஞானோதயம்.

மாறும் வட்டிக் கடனை முன்கூட்டி அடைத்தால் தனி ஆளிடம் பாங்குகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. கவுன்ட்டரில் ஒன்று மட்டும் தெளிவாகச் சொல்லுங்கள்: "தவணையைக் குறைக்க வேணாம், மாசத்தைக் குறைங்க." எழுதியே கொடுங்கள்.

வரிச் சலுகை? பழைய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் வருஷம் 2 லட்சம் வரை கழிக்கலாம். 20 சதவீதப் படிக்கட்டில் இருப்பவருக்குச் சுமார் 40,000 மிச்சம். அதற்காக முதல் வருஷம் கட்டுகிற வட்டி இரண்டரை லட்சம்! புதிய வரி முறையில் அந்த 40,000-மும் கிடையாது.

அப்புறம் கடனுக்கு வெளியே நிற்கும் செலவுகள். பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். பத்து லட்ச ரூபாய் மனைக்கு 90,000. (பத்து லட்சம் வரையுள்ள சொத்தைப் பெண் பெயரில் பதிந்தால் 2025 ஏப்ரலிலிருந்து பதிவுக் கட்டணத்தில் ஒரு சதவீதம் குறைவு. மனைவி பெயரில் எழுத இன்னொரு காரணம் கிடைத்துவிட்டது.) கையெழுத்துப் போடும் மேஜையில் கடைசி நிமிஷம் நீட்டுவார்களே ஒரு இன்ஷூரன்ஸ், அந்த 50,000 பிரீமியத்தையும் கடனிலேயே சேர்த்தால் இருபது வருஷத்தில் நீங்கள் கட்டுவது 1,04,000. இன்ஷூரன்ஸ் அவசியம்தான், தனியாக டெர்ம் பாலிசி எடுத்துக்கொள்ளலாம்.

எல்லாம் கட்டி முடித்தாயிற்று, கோபுரத்தைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டாயிற்று என்றால், பத்திரத்தைக் கேட்டு வாங்குங்கள். 2023 டிசம்பரிலிருந்து, கடன் தீர்ந்த முப்பது நாளுக்குள் அசல் பத்திரத்தைத் திருப்பித் தராத பாங்க், தாமதம் அதன் தப்பு என்றால், நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். வாங்கிக்கொண்டு நேரே வீட்டுக்குப் போகாதீர்கள். கடன் வாங்கியபோது உரிமை ஆவண ஒப்படைப்பு என்று சார்பதிவாளர் ஆபீஸில் பதிந்தார்கள் அல்லவா, அதை ரத்து செய்ய ரசீது ஆவணம் பதிய வேண்டும். விட்டுவிட்டால் வில்லங்கச் சான்றில் வீடு அடமானத்திலேயே இருக்கும். நீங்கள் அடைத்த கடனை, பேரன் வீட்டை விற்கப் போகும்போது வாங்க வந்தவர் அவனிடம் காட்டுவார்.